உரைத்துப் பார்க்கும் சொல்

வங்கியில் நகையை அடகு வைக்கப் போனால் மதிப்பீட்டாளர் அதைக் கல்லில் ஒரு கோடு உரைத்து, அமிலம் தொட்டுப் பார்த்த பிறகுதான் தொகை சொல்வார். நகைக்கு மரியாதை செய்வது அவர் வேலையில்லை. 'மதிப்புரை' என்ற சொல்லைக் காணும்போதெல்லாம் எனக்கு அவர் ஞாபகம்தான்.

'மதி' என்ற வினைக்கு அளவிடுதல் என்றும் பொருள், போற்றுதல் என்றும் பொருள். நம் மதிப்புரைகள் பெரும்பாலும் இரண்டாவது பக்கமே சாய்கின்றன. இந்தச் சாய்வு பழையது. அச்சுக்கு முந்தைய காலத்தில் ஒரு நூலைப் பற்றிப் பிறர் பேசிய இடம் சிறப்புப்பாயிரம். ஆக்கியோன் பெயர், வழி, எல்லை, நூற்பெயர், யாப்பு, நுதலிய பொருள், கேட்போர், பயன், காலம், களம், காரணம் என அதற்கு 11 செய்திகள் உண்டு என்பார்கள். இன்றைய பல மதிப்புரைகளில் இத்தனை தகவல் கிடைக்காது. ஆனால் குறை சொல்ல அந்தப் பட்டியலில் இடமில்லை. எப்படி இருக்கும்? நன்னூல் கணக்கில் பாயிரம் சொல்ல உரியவர்கள் நூலாசிரியனுடைய ஆசிரியர், உடன் கற்றவர், மாணாக்கர், தகுதியுள்ள உரைகாரர். தற்புகழ்ச்சி தகாது என்று விதித்த கையோடு, புகழ வேண்டிய ஆட்களையும் நியமித்துவிட்டது இலக்கணம்!

சோதனை நடந்தது அரங்கேற்றத்தில். அவையில் தடை எழும். புலவன் விடை சொல்லியாக வேண்டும். அச்சு வந்தபின் அரங்கேற்றம் மங்கியது. நூலைப் புகழ்ந்து பிறர் பாடிய சாற்றுகவிகள் மட்டும் முன்பக்கங்களில் வரிசை கட்டி நின்றன. பிறகு பத்திரிகைகள் வந்தன. மதிப்புரைக்கு இரண்டு பிரதி அனுப்பச் சொன்னார்கள். எழுத ஆள் கிடைக்காத புத்தகம் 'வரப்பெற்றோம்' பட்டியலில் அடங்கியது.

புதுமைப்பித்தன் தனக்கு வைத்துக்கொண்ட புனைபெயர்களில் ஒன்று 'ரசமட்டம்'. கொத்தனார் சுவர் சரியாக இருக்கிறதா என்று வைத்துப் பார்க்கிற கருவி. அளவிடும் பொருளைத் தமிழில் இவ்வளவு குறும்பாக மீட்டவர் வேறு யாருமில்லை என்பேன்.

1959-இல் சி.சு.செல்லப்பா 'எழுத்து' இதழைத் தொடங்கினார். விமர்சகர் க.நா.சு.வும் அவரும் 'விமர்சனம்' என்ற சொல்லுக்குக் கனம் கூட்டினார்கள். கல்லூரிகள் 'திறனாய்வு' என்றன. பேச்சு வழக்கிலோ விமர்சனம் வசவாகிவிட்டது: "என்னை விமர்சிக்கிறார்" என்றால் திட்டுகிறார் என்று அர்த்தம். அந்த வடசொல்லின் வேர்ப்பொருள் தொடுதல், தடவிப் பார்த்தல். தமிழில் 'உரை'க்கும் தேய்த்தல் என்று ஒரு பொருள் இருக்கிறது. மதிப்புரையில் வருவது பேச்சைக் குறிக்கும் உரைதான். ஆனாலும் உரைகல் பக்கத்திலேயே கிடக்கிறது.

புதிய புத்தகம் ஒன்றின் பின்னட்டையைத் திருப்பிப் பார்த்தேன். ஆசிரியர் இருக்கிறார், உடன் கற்றவர் இருக்கிறார், மாணாக்கரும் இருக்கிறார். உரைகாரரை மட்டும் காணோம்.