கண்ணாடிக்கு உள்ளே ஒட்டிய பட்டு: காஞ்சிபுரத்துச் சாமி படங்களும் சாத்துப்படி மரபும்

ரவிவர்மா அச்சகத்து லட்சுமி, சரஸ்வதி படங்களின் மேல் பட்டுத்துணி, சரிகை, சம்கி, கண்ணாடிக் கல் ஆகியவற்றை ஒட்டி, ஆழமான பிரேமுக்குள் வைத்துக் கண்ணாடி போட்டு மாட்டும் வழக்கம் செட்டிநாட்டு வீடுகளிலும் தொண்டை மண்டலத்து வீடுகளிலும் இருந்தது. அச்சுப் படங்களின் வரலாறு பற்றி இன்று நூல்களுக்குக் குறைவில்லை. ஒட்டு வேலையைக் கோட்பாடாக விளக்க முயன்றவர்களில் முதன்மையானவர் பிரிட்டிஷ் மானிடவியலாளர் கிறிஸ்டோபர் பின்னி. இக்கட்டுரைக்கு வழக்கு அவருடைய வாசிப்போடுதான்.

2004இல் வெளிவந்த ‘போட்டோஸ் ஆஃப் த காட்ஸ்’ நூலில் பின்னி சொல்வதன் சாரம் இது. மேலைக் கலைக் கோட்பாடு, படத்தைத் தள்ளி நின்று பற்றற்றுப் பார்க்கச் சொல்கிறது. இந்தியப் பக்தர் அப்படிப் பார்ப்பதில்லை. பொட்டு வைக்கிறார், பூச்சூட்டுகிறார், மினுமினுப்பு ஒட்டுகிறார். ஒட்ட ஒட்டப் படத்தின் பரப்பு பார்ப்பவரை நோக்கி முன்னே வருகிறது. தூரக்காட்சியால் உள்ளே விரிந்த வெளி மூடிக்கொள்ள, படம் உடலோடு உறவாடும் பொருளாகிறது. இந்த உறவுக்கு அவர் ‘கார்ப்போதெடிக்ஸ்’ என்று பெயரிட்டார். அழகியலைக் கண்ணிலிருந்து உடலுக்குக் கொண்டுவந்த சிந்தனை இது. அதன் பிறகு சாமி படங்களைப் பற்றி எழுதிய எவரும் அதைத் தாண்டிப் போக முடியவில்லை.

ஆனால் அவருடைய களச் சான்றுகளின் அடித்தளம் மத்தியப் பிரதேசத்து நாக்தா நகரமும் அதன் அருகிலுள்ள பாட்டிசூடா கிராமமும். பூசை அறையில் அன்றாடம் நடக்கும் காரியங்களோடு சேர்த்தே அவர் ஒட்டு வேலையையும் படிக்கிறார். குங்குமம், பூ, சரிகை எல்லாம் அவருக்கு ஒரே வரிசை. என் மறுப்பு இங்கே தொடங்குகிறது. குங்குமம் கண்ணாடியின் மேலே இருக்கிறது. பட்டும் சரிகையும் கண்ணாடிக்கு உள்ளே இருக்கின்றன. முதலாவதைத் தினம் வைக்கலாம், துடைக்கலாம், மறுபடி வைக்கலாம். இரண்டாவதை ஒருமுறை ஒட்டி, பிரேம் போட்டு ஆணி அடித்தால் அதோடு சரி. பிறகு வீட்டில் யாரும் அதைத் தொட முடியாது. செய்கிற காலமும் செய்கிற கையும் வேறு. இரண்டையும் ஒரே உறவின் இரு வடிவங்களாக வாசிப்பதற்கு முன் இந்த வேறுபாட்டுக்கு விளக்கம் வேண்டும். பின்னியிடம் எனக்கு அது கிடைக்கவில்லை.

காஞ்சிபுரத்தில் ஒரு நெசவாளர் குடும்பத்தில் நான் பார்த்த லட்சுமி படத்தைக் கொஞ்சம் நிதானமாகப் பார்க்கலாம். தாமரை மேல் நிற்கும் நான்கு கை லட்சுமி. பக்கத்தில் மாலையோடு யானை. அனைவருக்கும் பழக்கமான படம்தான். அச்சில் இருந்த புடவை முழுவதும் அரக்குப் பட்டால் மூடப்பட்டிருக்கிறது. முகத்தில், கைகளில், பாதங்களில் ஒரு நூல்கூடப் படவில்லை. யானையும் நீரும் தாமரையும் அச்சிட்டபடியே உள்ளன. அச்சில் புடவைக் கரை எந்த வளைவில் ஓடுகிறதோ அதே வளைவில் உண்மைச் சரிகைக் கரையை வெட்டி வெட்டி ஒட்டியிருக்கிறார்கள். முழங்காலுக்குக் கீழே சரிகையின் மேற்பூச்சு தேய்ந்த ஓரிடத்தில் உள்ளே சிவப்புப் பட்டு நூல் தெரிகிறது. சிவப்புப் பட்டிழை மேல் வெள்ளித் தகட்டைச் சுற்றி, அதற்குப் பொன் முலாம் பூசியதே அசல் சரிகை என்பது நெசவாளர் வீட்டுக் குழந்தைக்கும் தெரியும்.

கீழ் இடக்கைதான் என்னை அதிக நேரம் நிறுத்தியது. மணிக்கட்டின் ஓரமாகப் படத்தாளை மெல்லிய கத்தியால் கீறி, முந்தியின் விளிம்பை அந்தக் கீறலுக்குள் செருகியிருக்கிறார்கள். அதனால் கை துணிக்கு மேலே வந்து நிற்கிறது. மற்ற இடங்களில் துணி தாளின் மேலே ஒட்டப்பட்டது. இங்கே மட்டும் தாள் துணியின் மேலே.

இதை எடுத்துக்காட்டி ஒருவர் ஐரோப்பிய வழியைச் சொல்லலாம். பதினெட்டாம் நூற்றாண்டு ஐரோப்பாவில் அச்சுப் படத்தின் உடைப் பகுதியை வெட்டி எடுத்துவிட்டுப் பின்பக்கமிருந்து துணி வைத்து ஒட்டும் பழக்கம் இருந்தது. அதே காலத்து வெனிஸில் அச்சுத்தாள் உருவங்களைக் கத்தரித்து மேசையிலும் அலமாரியிலும் ஒட்டி, மேலே வார்னிஷைப் பல பூச்சுப் பூசி, சீன அரக்கு வேலை போலத் தோன்றச் செய்தார்கள். இன்று சென்னையில் வகுப்பெடுத்துக் கற்றுத் தரும் டெகூபாஜ் அந்த வழியில் வந்ததுதான். நம் நாட்டிலும் வெளிநாட்டு நிலக்காட்சித் தாளில் கிருஷ்ணனைக் கத்தரித்து ஒட்டிய படங்கள் உண்டு. ஜோதீந்திர ஜெயின் அவற்றைப் பற்றி விரிவாக எழுதியிருக்கிறார். ஆகவே ஐரோப்பியத் தொடர்பை நான் முற்றாக மறுக்கவில்லை. ஆனால் காஞ்சிப் படத்தில் அச்சுப் புடவை வெட்டி எடுக்கப்படவில்லை. துணியின் ஓரம் லேசாகத் தூக்கியுள்ள இடத்தில் அச்சு நிறம் அடியில் அப்படியே இருக்கிறது. ஏற்கெனவே உடுத்தியிருக்கும் உருவத்துக்கு மேலே இன்னொரு உடை சாத்தியிருக்கிறார்கள்.

இதற்கு முன்னோடியை ஐரோப்பாவில் தேட வேண்டியதில்லை. கல்லில் செதுக்கிய மூலவருக்கு ஆடையும் அணியும் கல்லிலேயே உண்டு. ஆனாலும் தினமும் வஸ்திரம் சாத்துகிறார்கள். வரதர் கோயிலானாலும் காமாட்சி கோயிலானாலும் சாத்துப்படி நடப்பது திரைக்குப் பின்னால். உரிமையுள்ள கைகள் மட்டுமே திருமேனியைத் தொடும். வெளியே காத்திருப்பவர் காண்பது முடிந்த கோலத்தை. திரை விலகும், தீபாராதனை காட்டுவார்கள். எதை மூடுவது, எதைத் திறந்து வைப்பது என்ற ஒழுங்கு அந்தக் கைகளுக்குத் தெரியும். இந்தப் படத்தில் முகம், கை, பாதம் விட்டுப் பட்டு சாத்தியிருப்பதும், முடிந்தபின் தொட முடியாதபடி கண்ணாடிக்குள் அடைத்திருப்பதும் அதே ஒழுங்குதான். பின்னி சொல்வது போல இங்கே பரப்பு பார்ப்பவரின் கைக்கு நெருங்கி வரவில்லை. கை எட்டாத தூரம் புதிதாக உண்டாக்கப்படுகிறது; கண்ணுக்குத்தான் அது விருந்து.

தஞ்சாவூர்ப் பலகைப் படமும் இதே பக்கம் நிற்கிறது. பலாப்பலகையில் புளியங்கொட்டைப் பசையால் துணி ஒட்டி, சுண்ணாம்புக் குழைவை மேடாக்கி, கல் பதித்து, தங்க ரேக்கு ஒட்டுகிறார்கள். மேடு எழுவது நகையிலும் ஆடைக் கரையிலும் மண்டபத் தூணிலும். முகமும் மேனியும் தட்டையான வண்ணமாகவே நிற்கும். ரவிவர்மா அச்சகம் 1894இல் பம்பாயில் தொடங்கும்போதே, எங்கே ஒட்டலாம், எங்கே ஒட்டக்கூடாது என்ற இலக்கணம் தமிழ்நாட்டில் இப்படித் தயாராக இருந்தது.

யார் ஒட்டியது? வீட்டுப் பெண்களா, பிரேம் கடைக்காரரா? சான்று மெலிந்த இடம் இது. இருந்தும், இந்தப் படத்தைப் பொறுத்தவரை நெசவாளர் கை என்றே வாதிடுவேன். துணியில் மடிப்புத் தேய்மானமோ உடுத்திய பழக்கமோ தெரியவில்லை. பாவுக்குப் போட்ட அரிசிக் கஞ்சியின் விறைப்பு ஓரத்தில் இன்னும் இருக்கிறது. கரையை வளைவுக்கு ஏற்ப வெட்டியவர், ஒரு துண்டுகூடப் பிசிறாதபடி ஊடை ஓட்டத்தை அறிந்து வெட்டியிருக்கிறார். சரிகை விலையும் இதற்குச் சேர்த்தி. பழம் பட்டுப்புடவையைக்கூட வெள்ளிக்காக எடை போட்டு வாங்கும் ஊர் இது. இங்கே தறி மிச்சத்துக்கும் காசு உண்டு. அதை உருக்கக் கொடுக்காமல் லட்சுமிக்குச் சாத்தியது, தன் தொழிலின் பொருளிலேயே செய்த காணிக்கை. துணியை ஒட்டியவரும் தாளைக் கீறியவரும் ஒருவரா என்பதை மட்டும் என்னால் உறுதியாகச் சொல்ல முடியவில்லை. கத்தி வேலை பிரேம் கடையில் நடந்திருக்கலாம்.

காலமும் திட்டமாக நிற்கவில்லை. படத்தின் அடியில் ‘ரவிவர்மா பிரஸ், கார்லா, லோனாவ்லா’ என்ற வரி பாதி தெரிகிறது. அச்சகம் லோனாவ்லா அருகே மலவ்லிக்குப் போனது 1899இல். ஆகவே படம் அதற்கு முந்தியதாக இருக்க முடியாது. ஜெர்மானியர் பிரிட்ஸ் ஷ்லைகர் அச்சகத்தை வாங்கிய ஆண்டு 1901 என்பாரும் 1903 என்பாரும் உண்டு. அவர் கைக்கு மாறிய பிறகும் பழைய படங்கள் திரும்பத் திரும்ப அச்சாயின. தவிர, அந்த வரி சொல்வது தாளின் காலத்தை; பட்டு எப்போது ஏறியது என்பதை அல்ல. படத்துக்கும் துணிக்கும் நடுவே ஒரு தலைமுறை இடைவெளிகூட இருக்கலாம். பிரேமின் பின்பலகை இடையில் மாற்றப்பட்டுவிட்டதால் அதை வைத்துக் காலம் கணிக்கும் வழியும் அடைபட்டது.

பிற்காலத்தைச் சுருக்கமாகவே சொல்லலாம். கோவில்பட்டியில் சி. கொண்டையராஜுவும் அவர் சீடர்களும் வரைந்து, சிவகாசியில் அச்சாகி வந்த காலண்டர் படங்களில் பட்டும் நகையும் ஓவியத்திலேயே நிறைந்திருந்தன. மேலே ஒட்ட ஜிகினாத்தூள் போதும் என்றானது. 2019இல் காஞ்சி வரதர் கோயிலில் அத்திவரதர் 48 நாள் காட்சி தந்தபோது, தினம் ஒரு நிறப் பட்டில் அவர் கோலம் புகைப்படமாகப் பரவியது. சாத்துப்படி அச்சுக்குள்ளேயே வந்துவிட்ட பிறகு, பசைக்கும் கத்தரிக்கும் வேலை குறைந்துபோனது.

பின்னியின் வாசிப்பு நாக்தாவுக்குப் பொருந்தலாம்; காஞ்சிக்கு அதை அப்படியே கொண்டுவர முடியாது என்பதே என் முடிபு. ஒரு படத்தை வைத்து இதற்கு மேல் சொல்வது நேர்மை ஆகாது. இன்னும் பல படங்கள் வேண்டும். உங்கள் வீட்டில் இப்படிப் பட்டு ஒட்டிய பழைய படம் இருந்து, கண்ணாடி உடைந்து பிரேம் கடைக்குப் போகிறதென்றால், பின்பலகையைக் கழற்றுமுன் முன்னும் பின்னும் போட்டோ எடுத்து வையுங்கள். பலகைக்கு அடியில் ஒட்டியிருக்கும் பழைய செய்தித்தாளை மட்டும் தயவுசெய்து கிழித்தெறிய விடாதீர்கள். அதில் தேதி இருக்கும்.