ஓவியக் காட்சியும் புதிய ஊடகமும்: மைசூர் ஜகன்மோகன் அரண்மனையை முன்வைத்து

முன்னுரை

ஓவியக் காட்சிக்கும் புதிய ஊடகத்திற்கும் இடையிலான உறவைப் பேசுவோர் பெரும்பாலும் 1990களில் இந்தியக் காட்சிக்கூடங்களுக்குள் நுழைந்த ஒளிக்காட்சி நிறுவல்களிலிருந்தே தொடங்குவர். விவான் சுந்தரம், நளினி மலானி முதலியோரின் ஆக்கங்கள் அத்தொடக்கத்திற்குச் சான்றாகக் காட்டப்பெறும். ஆயின், புதிய ஊடகம் என்பது காலந்தோறும் மாறும் ஒன்று. பத்தொன்பதாம் நூற்றாண்டின் இறுதியில் வண்ணக் கல்லச்சே புதிய ஊடகமாக விளங்கியது. அவ்வகையில் இவ்வுறவின் வேர்களை மைசூரின் ஓவியக்கூடத்தை மையமாகக் கொண்டு ஆராய்வது இக்கட்டுரையின் நோக்கமாகும்.

காட்சியிலிருந்து அச்சுக்கு

இராஜா ரவிவர்மாவின் (1848–1906) புகழ் காட்சிகளின் வழியே வளர்ந்தது. 1873-இல் சென்னை நுண்கலைக் காட்சியில் ஆளுநரின் தங்கப் பதக்கம் பெற்றார். பரோடா மன்னருக்காக அவர் தீட்டிய பதினான்கு புராண ஓவியங்கள் 1890-இல் நிறைவெய்திப் பொதுமக்கள் பார்வைக்கு வைக்கப்பெற்றபோது பெருந்திரளானோர் கண்டு சென்றனர். இருப்பினும் காட்சி ஒரே இடத்தில், சில நாட்களே நிகழக்கூடியது. அதனைக் காண இயலாதோர் தொகையே மிகுதி. கும்பகோணத்தில் பிறந்து திருவிதாங்கூரிலும் பரோடாவிலும் திவானாக விளங்கிய சர் டி. மாதவராவ், ஓவியங்களை ஓலியோகிராஃப் என்னும் வண்ண அச்சில் வெளியிடுமாறு 1884-இலேயே ரவிவர்மாவுக்கு எழுதினார். பத்தாண்டுகள் கழித்து, 1894-இல், பம்பாயில் ரவிவர்மாவின் அச்சகம் தொடங்கப்பெற்றது.

இதன் விளைவு இருவகைப்பட்டது. ஒன்று, அரண்மனைச் சுவரில் இருந்த இலக்குமியும் சரசுவதியும் எளியோர் வீட்டுப் பூசையறைக்கு வந்தனர். மற்றொன்று, அச்சகம் அடுத்த ஊடகத்திற்கும் நாற்றங்காலாயிற்று. 1913-இல் ‘ராஜா ஹரிச்சந்திரா’ திரைப்படத்தை உருவாக்கிய தாதாசாகிப் பால்கே, முன்னர் ரவிவர்மா அச்சகத்தில் பணியாற்றியவர். தமிழகத்தில் கோவில்பட்டி கொண்டையராஜுவின் (1898–1976) படங்கள் சிவகாசி அச்சில் நாட்காட்டிகளாகிப் பரவியதும் இம்மரபின் தொடர்ச்சியே எனலாம்.

மைசூர்க் கூடம்

1861-இல் கட்டப்பெற்ற ஜகன்மோகன் அரண்மனை, 1897-இல் பழைய மர அரண்மனை தீக்கிரையானபின் மன்னர் குடும்பத்தின் உறைவிடமாயிற்று. 1915-இல் அது ஓவியக்கூடமாக மாறிப் பின்னர் ஸ்ரீ ஜயசாமராஜேந்திர ஓவியக்கூடம் எனப் பெயர் பெற்றது. ரவிவர்மா தம் இறுதி ஆண்டுகளில் மைசூர் அரண்மனைக்காகப் புராண ஓவியங்களைத் தீட்டியிருந்தார். இங்கு ஒன்று நோக்கத்தக்கது. கூடம் திறக்கப்பெற்றபோது வண்ண அச்சு வந்து இருபது ஆண்டுகள் கடந்திருந்தன. ஆதலின் மூல ஓவியத்தைக் காண வந்தோருள் பலர் ரவிவர்மாவின் உருவங்களை முன்னரே அச்சில் அறிந்தவராயிருந்திருத்தல் கூடும். காட்சி என்பது முதல் அறிமுகம் என்ற நிலை மாறி, அறிந்ததை நேரில் கண்டு தெளியும் இடமாயிற்று.

இக்கூடத்தின் மற்றொரு புகழ்பெற்ற ஓவியம் எஸ். எல். ஹல்தங்கர் (1882–1968) தீட்டிய ‘விளக்கேந்திய பெண்’. 1945–46 அளவில் தம் மகளை மாதிரியாகக் கொண்டு அவர் வரைந்த நீர்வண்ண ஓவியம் அது. எண்ணற்ற படிகளாகப் பரவிய இவ்வோவியம் இன்று பலராலும் ரவிவர்மாவின் படைப்பாகவே கருதப்படுகிறது. படி பெருகப் பெருகப் படைத்தவனின் பெயர் அழிந்தது. புகழ்மிக்க வேறொரு பெயர் அவ்விடத்தைப் பற்றிக்கொண்டது. ஊடகமும் உடன் மறைந்தது. நீர்வண்ணத்தில் ஒளி என்பது பெரும்பாலும் தாளின் வெண்மையே. அச்சிலும் கணினித் திரையிலும் அவ்வேறுபாடு புலப்படுவதில்லை. இவ்விரண்டையும் ஐயமின்றி உறுதிப்படுத்தும் இடமாகக் கூடமே எஞ்சியுள்ளது.

படியே பொருளாதல்

பெங்களூரைச் சேர்ந்த புஷ்பமாலா என்., ஒளிப்படக் கலைஞர் கிளேர் ஆர்னியுடன் இணைந்து 2000 முதல் 2004 வரை உருவாக்கிய ‘தென்னிந்தியப் பூர்வீகப் பெண்கள்’ என்னும் ஒளிப்படத் தொடர், இவ்வுறவை மறுதலையாக்கிக் காட்டுகிறது. ரவிவர்மாவின் இலக்குமியாகவும் நிலவொளிப் பெண்ணாகவும் அவரே வேடம் பூண்டு நிற்கிறார். ஓவியம் அச்சாயிற்று, அச்சு ஒளிப்படமாயிற்று, அவ்வொளிப்படம் மீண்டும் காட்சிக்கூடத்துச் சுவரேறியது. படிதான் இங்குக் கலைப்பொருள். நாம் அறிந்த ‘தென்னாட்டுப் பெண்’ என்னும் உருவம் ஊடகங்களால் கட்டமைக்கப்பெற்றதே என்பதை அத்தொடர் உணர்த்துகிறது.

முடிவுரை

புதிய ஊடகம் ஓவியக் காட்சியை அழிக்கவில்லை. அதன் பணியை மாற்றியுள்ளது என்பது மேற்கண்டவற்றால் பெறப்படும். தமிழாய்வாளர்க்கு இது புதிதன்று. அச்சு நூல் பரவியபின் ஏடு பயனற்றுப் போகவில்லை. பாடவேறுபாடு எழும்போதெல்லாம் பதிப்பாசிரியர் ஏட்டிற்கே மீள்கின்றார். அதுபோல் ஓவியத்தின் ஏடு கூடத்தில் உள்ளது. ஆனால் ஒளிக்காட்சி ஆக்கங்களுக்கு அத்தகைய நிலைத்த ஏடு இல்லை; அவற்றை இயக்கும் கருவி வழக்கொழியின் ஆக்கமும் காண இயலாததாகும். ஹல்தங்கரின் பெயரை மீட்க மைசூரில் ஒரு தாளேனும் எஞ்சியது. இன்றைய ஆக்கங்களின் பெயரையும் வடிவையும் காட்சி நிகழும்போதே பதிவு செய்தல் கலைவரலாற்றாசிரியரின் உடனடிக் கடமையாகும்.