சாவுக்குச் சாயல் தேடியவன்

ஓவியனுடைய காதல் என்றதும் உலகம் உருகிவிடுகிறது. குடிக்கட்டும், கொடுமை செய்யட்டும், கட்டியவளைக் கைவிடட்டும். கலைஞனல்லவா என்று கணக்கைத் தள்ளுபடி செய்துவிடுகிறோம். படம் பேசத் தொடங்காத நாளிலேயே, அந்தக் கணக்கை ஒரு படம் எடுத்துப் பார்த்திருக்கிறது.

1917 சனவரியில் ருஷ்யாவிலே வெளிவந்த 'சாகும் அன்னம்' அது. ஜார் மன்னன் முடி துறக்க இரண்டு திங்களே இருந்த வேளை. டைரக்டர் எவ்கேனி பாவர் மாஸ்கோ ஓவியப் பள்ளியிலே பயின்றவர். ஆகவே ஓவியர் உலகை வெளியே நின்று ஏசியவரல்லர். கதை தீட்டியவர் சோயா பரான்செவிச் என்னும் பெண்மணி. அதையும் நாம் மறவாதிருப்போம்.

கதைத்தலைவி கிசெல்லா வாய் பேசாதவள். திரையிலே அனைவருமே ஊமைகள். அந்த ஊமைகளுக்குள்ளே ஊமை அவள்! காதலன் வேறொருத்தியுடன் குலவக் கண்டு, உள்ளம் உடைந்து ஊரைவிட்டு அகன்று, நடனமேடை ஏறுகிறாள். அந்த வேடம் ஏற்றவர் வேரா கரல்லி, பல்ஷோய் அரங்கின் புகழ்மிக்க ஆடல்நங்கை.

ஓவியன் கிளின்ஸ்கி ஒரு பிரபு, வயிற்றுக்காக வரைபவனல்லன். சாவைத் தீட்டவேண்டும், உண்மைச் சாவையே தீட்டவேண்டும் என்ற வெறி அவனுக்கு. சித்திரக்கூடத்திலே எலும்புக்கூட்டை வைத்துப் பார்க்கிறான், போதவில்லை. அன்னமாக ஆடிச் சாயும் கிசெல்லாவின் கண்ணிலே கவலையைக் காண்கிறான். கிடைத்துவிட்டது சாவு என்று களிக்கிறான்! அந்தத் துயரம் ஏன் வந்தது, எப்படித் தீரும் என்று கேட்டானா? கேட்கவில்லை. துயரம் தீர்ந்தால் ஓவியம் தீர்ந்ததே!

தீர்ந்தும்விடுகிறது. பழைய காதலன் வந்து மன்னிப்பு வேண்டுகிறான். மலர்ந்த முகத்தோடு அவள் ஓவியன் எதிரே அமர்கிறாள். கண்ணிலே சாவு இல்லை, வாழ்வு இருக்கிறது. கழுத்தை நெரிக்கிறான். பிறகு, தூரிகையை எடுத்து, விட்ட இடத்திலிருந்து வரைகிறான்.

கலை கலைக்காகவே என்போரைக் கேட்கிறோம்: அந்த ஓவியம் முடிந்து மாடத்திலே மாட்டப்பட்டால், வண்ணத்தை வியப்பீரா, கழுத்தைக் காண்பீரா?

1924இல் டென்மார்க்குக்காரர் கார்ல் டிரேயர் ஜெர்மனியிலே எடுத்த 'மிக்கேல்' வேறுவிதம். முதிய ஓவியன் சோரே, தான் வரைந்து வளர்த்த இளைஞனிடம் உயிரையே வைக்கிறான். இளைஞனோ இளவரசி ஒருத்தியின் மையலிலே வீழ்ந்து, தனக்களித்த ஓவியத்தையே விற்றுவிடுகிறான். கிழவன் பழிவாங்கவில்லை, உடைமையை அவனுக்கே விட்டுவிட்டு மாள்கிறான். இங்கே எதிரே அமர்ந்தவன் ஆடவன், பிழைத்துக்கொண்டான்.

பாவர் அதே 1917இல் இறந்தார். அவர் எடுத்த படங்கள் 70க்கும் மேல். இன்று எஞ்சியவை பாதிகூட இல்லை. 'சாகும் அன்னம்' எஞ்சியது. அதன் நடுவிலே ஒரு கனவுக் காட்சி: இருளிலிருந்து கைகள், கைகள், மேலும் கைகள், கிசெல்லாவை நோக்கி நீள்கின்றன. அவளுக்கோ அலறக் குரலில்லை.