கழுகா, பருந்தா?

மும்பையின் செம்பூர் வானில் வட்டமிடும் பெரிய பறவையை நம்மவர் பலர் ‘கழுகு’ என்கிறார்கள். தேவனார் குப்பைமேட்டை ஒட்டிய பகுதியில் நாள்தோறும் கண்ணில் படுவது பெரும்பாலும் கரும்பருந்துதான். மராத்தி இரண்டையும் பிரித்தே வைத்திருக்கிறது: பருந்து ‘கார்’, பிணந்தின்னிக் கழுகு ‘கிதாட்’. தமிழிலும் அந்தப் பிரிவு இருந்தது என்பதற்குத் திருக்கழுக்குன்றமே சாட்சி. அந்தக் கோயில் குன்றில் சோறு உண்ண வந்தவை மஞ்சள்முகப் பாறுகள், அதாவது பிணந்தின்னி இனம். ‘பருந்து’ என்ற சொல்லுக்குக் கன்னடத்தில் ‘ஹத்து’ உறவு. ‘பற’ என்பதிலிருந்து பிறந்தது என்பாருண்டு. கேட்க நன்றாயிருக்கிறது, ஆனால் றகரம் ஏன் ரகரமானது என்பதற்கு விடை வேண்டும்.

வழக்கில் இருப்பதுதானே பொருள், திருத்துவானேன் என்று கேட்கலாம். நியாயமான கேள்விதான். ஆனால் 1990களில் மாட்டுக்குப் போட்ட டைக்ளோஃபினாக் மருந்தால், இறந்த மாட்டைத் தின்ற பிணந்தின்னிக் கழுகுகள் கொத்துக்கொத்தாய் அழிந்தன. 2006இல் கால்நடைகளுக்கு அம்மருந்து தடையானது. பருந்தைக் கழுகென்று சொல்பவருக்கு அந்த இழப்பே கண்ணில் படாது. அடையாளம் வாலில் இருக்கிறது: கரும்பருந்தின் வால்நுனி பிளவுபட்டிருக்கும். வாலை முழுக்க விரித்தால் பிளவு மறைந்துவிடுமே என்பது சரியான ஆட்சேபம். அப்போது வாலின் அசைவைப் பாருங்கள். திரும்பும்போதெல்லாம் சுக்கான்போல் இருபுறமும் முறுக்கும். பிணந்தின்னிக் கழுகு அப்படிச் செய்யாது, அகன்ற சிறகை விரித்தபடி மிதக்கும். மாகுல் கழிமுகப் பக்கம் வெள்ளைத் தலையும் செங்காவி உடலுமாய், வால் வட்டமாய்த் தெரிந்தால் அது செம்பருந்து. கருடன் என்று கன்னத்தில் போட்டுக்கொள்வது அதைப் பார்த்துத்தான்.