டைட்டிலில் வராத பெயர்கள்

கருமத்தம்பட்டி, சோமனூர்ப் பக்கம் விசைத்தறியில் ஓடும் துணி எங்கெங்கோ போகிறது. அதில் கம்பெனி முத்திரை இருக்கும். தறி ஓட்டியவர் பெயர் இருக்காது. நம் கோவையில் ஒரு காலத்தில் சினிமாவும் இப்படித்தான் தயாரானது, தோழர்களே.

சிங்காநல்லூரில் சென்ட்ரல் ஸ்டுடியோ, புலியகுளத்தில் ஸ்ரீராமுலு நாயுடுவின் பட்சிராஜா ஸ்டுடியோ. சென்ட்ரலில் ஜூபிடர் பிக்சர்ஸ் எடுத்த 'ராஜகுமாரி' 1947இல் வெளிவந்தது. எம்.ஜி.ஆர். கதாநாயகனாக நடித்த முதல் படம் என்பது எல்லோருக்கும் தெரியும். ஏ.எஸ்.ஏ.சாமி இயக்கிய அந்தப் படத்தின் வசனத்தில் வேலை செய்த இளைஞர் மு.கருணாநிதி. கிடைத்த இடம் 'உதவி'. அடுத்த ஆண்டு 'அபிமன்யு'வுக்கும் எழுதினார். படம் வந்தபோது டைட்டிலில் அவர் பெயரே இல்லை.

அவர் அந்த வேலையை விட்டுவிட்டுப் போனார். சேலம் மாடர்ன் தியேட்டர்ஸின் 'மந்திரிகுமாரி' 1950இல் அவர் பெயரோடு வந்தது. 1954இல் அதே கோவையில், பட்சிராஜாவின் 'மலைக்கள்ளன்' படத்துக்கு வசனகர்த்தாவாகவே திரும்பி வந்தார்.

பறிபோன பெயரை அவரால் எப்படி மீட்க முடிந்தது? திறமை இருந்தது, மறுக்கவில்லை. கூடவே மேடை இருந்தது, பத்திரிகை இருந்தது, பின்னால் ஓர் இயக்கம் இருந்தது. அதே ஸ்டுடியோக்களில் லைட் தூக்கியவர், செட்டுக்கு ஆணி அடித்தவர், சாயம் பூசியவர், துணி வெளுத்தவர், சோறு ஆக்கியவர் ஆகியோருக்கு இந்த மூன்றில் எது இருந்தது? வேலையைச் சாதியால் பிரித்து வைத்த சமூகத்தில், பெயர் யாருக்கு, கூலி மட்டும் யாருக்கு என்பதும் சேர்த்தே பிரிக்கப்படுகிறது.

திரையில் முகம் தெரிந்தவர்களையும் சாதி விடவில்லை. மலையாளத்தின் முதல் படமான 'விகதகுமாரன்' நாயகி பி.கே.ரோஸி ஒரு தலித் பெண். நாயர் பெண்ணாக நடித்தார் என்பதற்காக ஆதிக்கச் சாதியினர் அவரைத் திருவனந்தபுரத்தை விட்டே விரட்டினார்கள். தான் நடித்த படத்தின் முதல் காட்சியைக்கூட அவரால் பார்க்க முடியவில்லை. முகம் தெரிந்தவருக்கே இந்தக் கதி என்றால், திரைக்குப் பின்னால் நின்றவர்களை யார் எழுதியிருப்பார்கள்?

ஆனாலும் தொழிலாளர்கள் சும்மா இருக்கவில்லை. வங்காளத்திலிருந்து சென்னைக்கு வந்த ஒளிப்பதிவாளர் நிமாய் கோஷும் இசையமைப்பாளர் எம்.பி.சீனிவாசனும் திரைத் தொழிலாளர்களைச் சங்கமாகத் திரட்டினார்கள். 1981இல் சினிமாத் தொழிலாளர்களுக்கென்று மத்திய அரசு ஒரு சட்டம் கொண்டுவந்தது. எழுத்துப்பூர்வமான ஒப்பந்தம் இல்லாமல் வேலை வாங்கக் கூடாது என்றது அது. கலைஞர், தொழில்நுட்பக்காரர் மட்டுமல்ல, உடலுழைப்பு வேலை செய்பவரும் அதன் கணக்கில் வந்தார். சினிமாவுக்கு உதவியாளராகப் போகும் மாணவர்கள் முதலில் படிக்க வேண்டிய 'ஸ்கிரிப்ட்' தங்கள் ஒப்பந்தம்தான். எழுதிக் கொடுக்கும் முன் கையெழுத்து வாங்குங்கள். உங்கள் பெயர் எப்படி வரும் என்பதையும் அதில் எழுதி வாங்குங்கள்.

இன்னொரு வேலையும் இருக்கிறது. சிங்காநல்லூர், புலியகுளம், சூலூர்ப் பக்கத்துக் குடியிருப்புகளில், ஸ்டுடியோ வேலைக்குப் போன குடும்பங்களைத் தேடுங்கள். தாத்தா என்ன வேலை பார்த்தார், என்ன கூலி வாங்கினார், எங்கே உட்காரவைத்துச் சோறு போட்டார்கள் என்று கேளுங்கள். அவர் பெயரோடு எழுதி வையுங்கள். டைட்டிலில் விட்ட பெயரை வரலாற்றிலும் விட்டுவிடக் கூடாது.

ஜெய் பீம்.