இசை வேண்டாம் என்றவருக்கு இசையமைத்தவர்

தார்கோவ்ஸ்கி பற்றி நம்ம ஆட்கள் பக்கம் பக்கமாக எழுதியாச்சு. அந்தப் படங்களில் நம் காதில் விழுந்த ஒலிக்குச் சொந்தக்காரரான எடுவார்த் அர்தெமியெவ் பற்றித்தான் யாரும் மூச்சு விடக் காணோம்.

1937-ல் சைபீரியாவின் நோவசிபிர்ஸ்க்கில் பிறந்தவர். மாஸ்கோ கன்சர்வேட்டரியில் படிப்பு, 1960-ல் முடித்தார். சிம்ஃபனி எழுதிக்கொண்டு நிம்மதியாக இருந்திருக்கலாம். ஆனால் முர்ஸின் என்றொரு ராணுவ எஞ்சினியரிடம் போய் மாட்டிக்கொண்டார்.

முர்ஸின் இருபது வருஷமாக ஒரு மெஷின் செய்துகொண்டிருந்தார். பெயர் ஏ.என்.எஸ். ஸ்க்ரியாபின் என்ற இசைமேதையின் பெயரிலிருந்து எடுத்த எழுத்துகள். இதில் வாசிக்கிற வேலையே கிடையாது. கறுப்பு மை பூசிய கண்ணாடித் தகட்டில் கீற வேண்டும். கீறின இடத்தில் வெளிச்சம் புகுந்து ஒலியாக மாறும். மேலே கீறினால் உச்சஸ்தாயி, கீழே கீறினால் மந்திரம். ஒரு ஸ்தாயிக்கு 72 சுரங்கள்! (22 சுருதிக்குச் சண்டை போடுகிறவர்கள் கவனிக்க.)

இந்த மாதிரி ஆள்தான் தார்கோவ்ஸ்கிக்குத் தேவைப்பட்டது. சினிமாவுக்கு இசையே அவசியமில்லை என்று நினைத்தவர் அவர். ஆனால் சத்தங்களைக் கோர்த்துக் கொடுக்க இசை தெரிந்த காது வேண்டும். 'சோலாரிஸ்' (1972) படத்தில் மனசை உருக்கும் இடங்கள் பாக்-குக்குப் போய்விட்டன. அர்தெமியெவுக்குக் கிடைத்தது அந்தக் கடலின் முனகலும், டோக்கியோ சாலையில் கார் போகிற இரைச்சலும். யோசித்துப் பாருங்க, எந்த இசையமைப்பாளர் இதுக்கு ஒத்துக்குவார்?

இவர் ஒத்துக்கிட்டார். அடுத்து 'மிரர்' (1975), அப்புறம் 'ஸ்டாக்கர்' (1979). 'ஸ்டாக்கர்' தீம் இசைக்கு முதலில் போட்டதை தார்கோவ்ஸ்கி வேண்டாம் என்றுவிட்டார். கிழக்கும் மேற்கும் கலந்த மாதிரி ஏதாவது வேணுமாம். அப்போது இவருக்குக் கைகொடுத்தது நம்ம ஊர் தம்பூரா யோசனை. சிந்தசைசரில் ஒரே சுருதி விடாமல் ஓட, அதன்மேல் புல்லாங்குழலும் 'தார்' என்ற நரம்பு வாத்தியமும்.

எனக்கு அதைவிடப் பெரிசு டிராலி காட்சிதான். மூணு பேர் தண்டவாளத்தில் போகிறார்கள். கடகடவென்று சக்கரச் சத்தம், அவ்வளவுதான். கொஞ்ச நேரத்தில் அது வேறென்னவோ ஆகியிருக்கும். எந்த நொடியில் இரும்புச் சத்தம் இசையாச்சு என்று ஹெட்ஃபோன் மாட்டிக்கொண்டு தேடியும் என்னால் பிடிக்க முடியலை.

இவருக்கு மெலடி வராதோ என்று சந்தேகப்படுபவர்கள் நிகிதா மிக்கல்கோவின் படங்களைக் கேட்கலாம். கொஞ்சலோவ்ஸ்கியின் 'சைபீரியாத்'தில் (1979) அமர்க்களமான சிந்தசைசர். 1980 மாஸ்கோ ஒலிம்பிக்ஸுக்கும் இவர் இசை உண்டு. மொத்தம் நூறு படங்களுக்கு மேல்.

1982-ல் இத்தாலிக்குப் போன தார்கோவ்ஸ்கி திரும்பி வரவில்லை. கடைசி இரண்டு படங்களுக்கு இசையமைப்பாளரே வைத்துக்கொள்ளவில்லை. பீத்தோவன், வெர்டி, பாக், நாட்டுப்புறப் பாட்டு என்று எடுத்துப் போட்டுக்கொண்டார். சொன்னதைச் செய்துவிட்டார். அப்போ அர்தெமியெவ் இல்லாமலே நடந்திருக்குமா? 'நாஸ்டால்ஜியா' அபாரமான படம், மறுக்கலை. ஆனால் அந்த டிராலிச் சத்தத்தை எந்த பழைய ரெக்கார்டிலிருந்து எடுத்துப் போட்டிருக்க முடியும்?

தஸ்தயேவ்ஸ்கியின் 'குற்றமும் தண்டனையும்' நாவலை ஓபெராவாக்கும் வேலையைப் பல வருஷம் இழுத்து 2007-ல் முடித்தார். 2022 டிசம்பரில் மாஸ்கோவில் காலமானார். அந்தக் கண்ணாடித் தகட்டு மெஷின் உலகத்திலேயே ஒண்ணே ஒண்ணுதான், மாஸ்கோவின் க்ளிங்கா மியூசியத்தில் இருக்கிறது.