ஓங்காத இசை: ஏ. எம். ராஜா

உரக்கப் பாடினால்தான் பாட்டு என்று நம் தோட்டத்துப் பிள்ளைகள் நினைப்பதுண்டு. அப்படியில்லை என்று காட்டியவர் ஏ. எம். ராஜா (1929–1989).

பாடகராகப் பெயர்பெற்ற அவர், 1959-இல் ஸ்ரீதரின் ‘கல்யாணப் பரிசு’ படத்துக்கு இசையமைத்தார். பாடல்களை எழுதியவர் பட்டுக்கோட்டை கல்யாணசுந்தரம். தீபாவளி மகிழ்ச்சியில் பி. சுசீலா பாடும் மெட்டையே, பின்னர் பிரிவுத் துயரில் ராஜா பாடுகிறார். மெட்டு ஒன்றே, குரல்தான் தாழ்கிறது. விம்மலோ கதறலோ இல்லை. சொல் தெளிவாகக் காதில் விழுகிறது. கேட்பவர் கண் நனைகிறது.

‘விடிவெள்ளி’ (1960), ‘தேன் நிலவு’ (1961) என அவர் இசையமைத்த படங்கள் சிலவே. ஆயினும் அப்பாடல்கள் வானொலி வழியே மலாக்காவின் லயத்து வீடுகளுக்கும் வந்து சேர்ந்தன.

பெற்றோரே, வகுப்பில் மெல்லப் பேசும் பிள்ளையை ‘வாயில்லாதவன்’ என்று ஒதுக்கிவிடாதீர்கள். சற்று அருகில் சென்று கேளுங்கள்.